வாசலில் நின்றவர்

கூட்டத்தில் நம் ஆள் யார் என்று கண்டுபிடிப்பதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. கொஞ்சம் என்ன, நிறையவே உண்டு. பள்ளிக்கூடத்தில் ஜெர்மன் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்ற பிறகு, எங்கள் ஊரின் பழைய யூதர் தெருவையும் அதைச் சுற்றி மிச்சமிருப்பதையும் வெளியூர்க்காரர்களுக்கு நடத்திக் காட்டுவதுதான் என் வேலை. ஸ்ட்ராஸ்பூர் ரயிலிலிருந்து இறங்கி, மழைக்கோட்டும் தண்ணீர் பாட்டிலுமாக மணிக்கூண்டுக்குக் கீழே வந்து நிற்பார்கள். யார் பொழுதுபோகாமல் வந்தவர், யார் செத்துப்போன மாமனாரின் வீட்டைத் தேடி வந்தவர், யார் யூதராகவே இருந்துகொண்டு அதை வாய்விட்டுச் சொல்லத் துணியாமல் வந்தவர் என்று பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவேன்.

இந்த மூன்றாவது வகைதான் எனக்குப் பிடித்த வகை. போர்க்காலத்தில் பெயரை மாற்றிக்கொண்டு, ஞானஸ்நானம் வாங்கிக்கொண்டு, பிறகு பழக்கத்தில் அப்படியே இருந்துவிட்ட குடும்பங்கள் பிரான்ஸில் எத்தனையோ. அவர்களுடைய பிள்ளைகள் அறுபது வயதில் ஒருநாள் இப்படி வந்து நிற்பார்கள். நடை முடிந்ததும் என்னை ஓரமாகக் கூப்பிட்டு, "மேடம், எங்க அம்மாவும் வந்து..." என்று இழுப்பார்கள். "முதல் வீட்டுக்கிட்டயே எனக்குத் தெரிஞ்சுபோச்சு" என்பேன். அதைச் சொல்வதில் எனக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

போன வியாழக்கிழமை காலையில் சில்வேன் மாமா போன் செய்தார். அவர் எனக்கு உறவில்லை. எங்கள் ஜெபாலயத்தின் சாவி அவரிடம்தான் இருக்கிறது. விளக்குப் போடுவது, கொதிகலனை உதைத்துச் சூடேற்றுவது எல்லாம் அவர்தான். ஊரில் மிச்சமிருக்கிற எங்கள் ஆட்கள் எல்லாருக்கும் அவர் மாமாதான்.

"ஏம்மா எத்மே, இன்னிக்கு எங்க அம்மா போன நாளு."

"ஞாபகம் இருக்கு மாமா. சாயங்காலம் கேக் எடுத்துட்டு வரேன்."

"கேக் கெடக்கு. ஆள் எடுத்துட்டு வா. செர்ஜ் இடுப்பை ஒடைச்சிக்கிட்டு ஆஸ்பத்திரில படுத்துட்டான். நேத்து ராத்திரியும் கதிஷ் இல்ல, இன்னிக்குக் காலைலயும் இல்ல. ஒருத்தன் கொறையுது."

செத்தவருக்காகப் பிள்ளை சொல்லும் ஜெபம் கதிஷ். அதைச் சொல்லப் பத்து ஆண்கள் கூடியாக வேண்டும். ஒன்பது பேர் தொண்டை கிழியக் கத்தினாலும் அது கதிஷ் ஆகாது. எங்கள் ஜெபாலயத்தில் பெண்களை எண்ணுவதில்லை. நான் பத்துப் பெண்களைக் கூட்டிக்கொண்டு போனாலும் கணக்கு பூஜ்யம்தான். இதற்காக நான் போட்ட சண்டை ஊருக்கே தெரியும்.

சில்வேன் மாமாவின் குடும்பத்தில் செத்த தேதி தெரிந்தவர் அவருடைய அம்மா ஒருத்திதான். அப்பா, அண்ணன், சித்தப்பா குடும்பம் எல்லாரையும் ரயிலேற்றி அனுப்பினார்கள். எந்த நாள், எந்த இடம் என்று யாருக்கும் தெரியாது. அம்மா மட்டும் போருக்குப் பிறகு ஊர் திரும்பி, பல வருஷம் வாழ்ந்து, சொந்தக் கட்டிலில் ஜுரத்தில் கிடந்து ஒரு நவம்பர் மாதம் போய்ச் சேர்ந்தாள். அதனால் வருஷத்தில் அவருக்கென்று இருப்பது இந்த ஒரே நாள். எங்கள் கணக்கில் ஒரு நாள் முந்தின நாள் இருட்டும்போது தொடங்கிப் பொழுது சாய்வதோடு முடிகிறது; அதற்குள் சொல்லிவிட வேண்டும். இருட்டிவிட்டால் இனி அடுத்த வருஷம்தான். அவர் வயதில் அடுத்த வருஷம் என்பதை நாங்கள் யாரும் சத்தமாகச் சொல்வதில்லை.

"கவலையை விடுங்க மாமா," என்றேன். "இன்னிக்கு என் கும்பல்ல எவனாவது ஒருத்தன் சிக்காமலா போவான்? காதைப் பிடிச்சு இழுத்துட்டு வரேன்."

"இழுத்துட்டு வா. காது மட்டும் கையோட வந்துடப்போவுது, ஆளையும் சேத்துக் கொண்டா."

மத்தியானம் மணிக்கூண்டுக்குக் கீழே பத்துப் பன்னிரண்டு பேர் நின்றார்கள். லீல் பக்கத்து ஆசிரியைகள் இருவர், ஓர் ஒல்லாந்துத் தம்பதி, நான்சியிலிருந்து தேவாலயக் குழுவாக வந்த பெண்கள். அவர்களோடு ஒட்டாமல் பச்சை ஜாக்கெட் போட்ட ஓர் ஆள் தனியாக நின்றார். ஐம்பத்தைந்து வயது இருக்கும். ஷூவில் சேறு. பெயர் கேட்டேன். "ரெமி ஷ்வார்ட்ஸ்" என்றார், யாருக்கும் கேட்டுவிடக் கூடாது என்பதுபோல. எங்கள் அல்சாஸில் ஷ்வார்ட்ஸ் என்றால் யூதராகவும் இருக்கலாம், பன்றி வளர்க்கிற விவசாயியாகவும் இருக்கலாம். எனக்கு வேண்டியதை மட்டும் நான் எடுத்துக்கொண்டேன்.

யூதர் தெருவில் ஒரு பழைய வீட்டின் நிலைக்காலில் சாய்வாக ஒரு பள்ளம் இருக்கிறது. வேத வசனம் எழுதிய சுருளை வைத்த இடம். எல்லாரும் விரலை விட்டுப் பார்த்தார்கள், படம் எடுத்தார்கள். அவர் மட்டும் கைகளைப் பைக்குள் செருகிக்கொண்டு தரையைப் பார்த்தபடி நின்றார். தரையில் பார்க்க ஒன்றுமே இல்லை, வெறும் கல் பாவிய தெரு. 'சரிதான், மனசு தாங்கவில்லை மனுஷனுக்கு' என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன்.

அடுத்தது கல்லறைத் தோட்டம். எல்லாரும் உள்ளே போனார்கள். அவர் இரும்பு வாசலுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார்.

"என்ன சார், கால் வலிக்குதா?"

"இல்ல மேடம். நான் உள்ள வரல. இங்கயே நிக்கிறேன்."

எனக்குப் புல்லரித்துவிட்டது. பழைய ஆசாரியர்களின் வம்சத்தில் வந்தவர்களைக் கோஹென் என்போம். அவர்கள் கல்லறைத் தோட்டத்துக்குள் கால் வைப்பதில்லை. நெருங்கிய சொந்தங்களைப் புதைக்க மட்டும்தான் வருவார்கள். ஜெபம் மறந்தவன், பண்டிகை மறந்தவன், எங்களுக்கு விலக்கான பன்றித் தொடையை ரசித்துச் சாப்பிடுகிறவன்கூட, "எங்க வீட்ல அப்படித்தான், ஏன்னு தெரியாது" என்று வாசலிலேயே நின்றுவிடுவான். அப்படி நின்றவர்களை நான் பார்த்திருக்கிறேன். கல்லறை வாசலில் தயங்கி நிற்க வேறு யாருக்காவது வேறு ஏதாவது காரணம் இருக்கும் என்று என் புத்திக்கு எட்டவே இல்லை. கண்ணடித்துவிட்டு உள்ளே போனேன். அவர் ஏன் அப்படி முகம் சுருங்கினார் என்றும் யோசிக்கவில்லை.

உள்ளே வழக்கம்போல, கல் இல்லாத வரிசைகளைக் காட்டினேன். ஜெர்மன்காரர்கள் இருந்த காலத்தில் பெயர்த்தெடுத்து விற்ற கற்கள். இன்று அங்கே புல் மட்டும்தான். ஆசிரியைகளில் ஒருத்தி, "யாரு வாங்கினாங்க?" என்று கேட்டாள். "யாரு வாங்குவாங்க? அக்கம்பக்கத்து நல்லவங்கதான்" என்றேன். இந்த இடத்தில் எப்போதும் ஒரு கசப்பான சிரிப்பு எழும். அன்றும் எழுந்தது. வாசல் பக்கத்தில்தான் இருந்தது. அவர் காதிலும் விழுந்திருக்கும்.

ஜெபாலய முற்றத்துக்கு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது வெயில் கூரை ஓட்டுக்கு ஏறிவிட்டது. சில்வேன் மாமா தன் ஆட்களைச் சுட்டிச் சுட்டி எண்ணிக்கொண்டிருந்தார். மனிதர்களை எண்ணினால் கண் பட்டுவிடும் என்பதால் எங்களில் பழைய ஆட்கள் நேராக எண்ணமாட்டார்கள். "ஒண்ணு இல்ல, ரெண்டு இல்ல, மூணு இல்ல..." ஒன்பது இல்ல என்பதோடு அவர் விரல் நின்றது. மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பித்தார், எங்கேயோ ஒருத்தனை விட்டுவிட்டவர் மாதிரி.

நான் கையைத் தட்டி எல்லாரையும் நிறுத்தினேன். ரெமியின் முழங்கையைப் பிடித்து முன்னால் கொண்டுவந்தேன்.

"மாமா, போதும் எண்ணினது! இதோ உங்க பத்தாவது ஆளு. அதுவும் சாதாரண ஆள் இல்ல. கோஹென்!"

அவர் முகத்தில் ஈயாடவில்லை. "மேடம், நான் வந்து..."

"தெரியும். ஒண்ணும் சொல்ல வேணாம்."

"இல்ல மேடம், நீங்க நெனக்கிற மாதிரி..."

"இத்தனை வருஷம் ஒளிஞ்சது போதும் சார். இங்க உங்களை யாரும் ஒண்ணும் பண்ண மாட்டாங்க" என்றேன், முற்றத்துக்கே கேட்கும்படி. நான்சிப் பெண்கள் கைதட்டினார்கள். ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ஒல்லாந்துக்காரர் படம் எடுத்தார். ரெமி தன் கையை என் பிடியிலிருந்து இழுத்துக்கொள்ளப் பார்த்தார். அதையும் நான் கூச்சம் என்றுதான் எடுத்துக்கொண்டேன்.

சில்வேன் மாமா வந்து அவருடைய இன்னொரு கையைத் தன் இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார். "வந்துட்டியாப்பா?" என்றார். அவ்வளவுதான் கேட்டார். ஊர் பெயர் எதுவும் விசாரிக்கவில்லை, பொழுது போய்க்கொண்டிருந்தது.

பெண்களுக்கான மாடத்தில் ஏறி நின்று பார்த்தேன். ரெமிக்கு ஒரு தொப்பியைக் கொடுத்து, புத்தகத்தைத் திறந்து கையில் வைத்தார்கள். மற்றவர்கள் எழுந்தால் எழுந்தார், குனிந்தால் குனிந்தார். கடைசியில் சில்வேன் மாமா முன்னால் போய் நின்று தன் அம்மாவுக்காகக் கதிஷ் சொன்னார். அந்த வயதில் அந்தக் குரல் எங்கிருந்து வந்ததோ. எல்லாரும் ஆமென் சொன்ன பிறகு ஓர் ஆமென் தனியாக, தாமதமாக வந்தது. நான் மேலே நின்று மூக்கைச் சிந்திக்கொண்டு அழுதேன். என் சாமர்த்தியத்தை நினைத்தும் கொஞ்சம் அழுதேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

முடிந்ததும் என் கும்பல் ரயிலுக்குக் கிளம்பியது. இந்த நாளில் வழக்கமாகச் செய்வதுபோல உள்ளே கேக்கும் பிளம் சாராயமும் எடுத்து வைத்தார்கள். ரெமியைக் காணோம். முற்றத்து பெஞ்சில் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவருக்கு ஒரு கோப்பை கொண்டுபோய் நீட்டினேன். வாங்கவில்லை.

"நான் யூதன் இல்ல மேடம்."

நான் சிரித்தேன். சிரித்தேன்! "முதல்ல எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க."

"என்னைக் கொஞ்சம் பேச விடுறீங்களா?"

வாயை மூடினேன். அவர் செல்போனை எடுத்து ஒரு படத்தைக் காட்டினார். புரட்டிப் போட்ட ஒரு கல். ஒரு பக்கம் சாணமும் சிமெண்டும். அடிப்பக்கத்தில் எங்கள் எபிரெய எழுத்துகள், நேற்று வெட்டியவை மாதிரி தெளிவாக இருந்தன.

"எங்க தாத்தா வீடு. இங்கேருந்து நாலஞ்சு கிராமம் தள்ளி. போன மாசம் பன்னிக் கொட்டகையை இடிச்சேன். படிக்கல்லைப் புரட்டினா அடியில இந்த எழுத்து. சரி, ஒண்ணுதான்னு பாத்தா, தரை பூரா இதான். சின்ன வயசுல நானும் என் தங்கச்சியும் அதுமேல குதிச்சு விளையாடியிருக்கோம்." போனை அணைத்தார். "உங்ககிட்ட சொல்லத்தான் இன்னிக்கு வந்தேன். வாசல் வரைக்கும் வந்துட்டேன். உள்ள கால் வைக்க முடியல. அவங்க மேல இத்தனை வருஷம் நடந்தது போதாதா?"

"அப்பவே சொல்லியிருக்கலாமே" என்று ஏதோ உளறினேன்.

"சொல்ல வந்தேன், நீங்க விடல. அப்புறம் எல்லாரும் கைதட்டினாங்க. அந்தப் பெரியவர் என் கையைப் புடிச்சு, வந்துட்டியாப்பான்னாரு. அவர் முகத்தைப் பாத்து நான் எப்படி மேடம் சொல்றது, நான் உங்க கல்லை வாங்கினவன் பேரன்னு?" தரையைப் பார்த்தார். "அவர் சொன்னது பலிக்காதுல்ல? நான் இருந்ததால?"

"பலிக்காது."

"நான் இப்படியே போயிடட்டுமா? நீங்க சொல்லலன்னா அவருக்குத் தெரியவா போவுது?"

அந்த யோசனை எனக்கும் வந்திருந்தது. கிழவர் சந்தோஷமாக இருக்கிறார், இருந்துவிட்டுப் போகட்டும், இதைச் சொல்லி யாருக்கு என்ன லாபம்? அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சுத்தப் பொய். ஒன்பது பேருக்கு முன்னால் என் மூக்கு உடைபடப் போகிறதே, அதுதான் என் கவலை. ஆனால் கூரை ஓட்டில் இன்னும் ஒரு கீற்று வெயில் மிச்சமிருந்தது. இப்போதே சொன்னால் வேறு ஓர் ஆளைப் பிடிக்க ஒருவேளை நேரம் இருக்கலாம். ஒவ்வொரு நிமிஷமும் நான் அவரிடமிருந்து திருடுகிற நிமிஷம். "எங்கேயும் போயிடாதீங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன்.

சில்வேன் மாமா கன்னம் சிவக்க உட்கார்ந்திருந்தார். "எங்கேம்மா நம்ம கோஹென்? அவருக்கு ஓரத்துத் துண்டா எடுத்து வை, அதுலதான் பாதாம் நெறைய இருக்கும். எங்க அம்மா இருந்தா அவரை விட்டிருக்கவே மாட்டா, பொண்ணு பாத்திருப்பா!"

எல்லாரும் சிரித்துக்கொண்டிருக்கும்போதே சொன்னேன். கல்லையும் சொன்னேன், கொட்டகையையும் சொன்னேன், அவர் இரண்டு முறை வாயைத் திறந்ததையும் நான் இரண்டு முறையும் அடக்கியதையும் சொன்னேன். சிரிப்பு ஒவ்வொரு முகமாக அணைந்தது.

பல் டாக்டர் ரெனேதான் முதலில் பேசினார். "விடு சில்வேன். ஆண்டவன் மனசைத்தானே பாப்பான்."

"பத்துன்னா பத்து ரெனே. ஒனக்கு அது தெரியாதா?" என்றார் சில்வேன் மாமா. குரல் உயரவில்லை. "யாராவது போன் போடுங்கப்பா."

போட்டார்கள். ஒன்பது பேரில் ஒருவரான மருந்துக் கடைக்காரரின் மருமகன் கோல்மாரிலிருந்து காரில் வந்துகொண்டிருந்தான். வேகமாக வருகிறேன் என்றான். வேறு இரண்டு பேர் எடுக்கவே இல்லை. சில்வேன் மாமா ஜன்னலுக்குக் கீழே போய் உட்கார்ந்து வெளிச்சத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் கதவோரம் நின்றேன். உட்கார எனக்கு மனசு வரவில்லை. ஜன்னல் நீலமானது, பிறகு கறுப்பானது. மருமகன் மூச்சிரைக்க ஓடிவந்தபோது மாமா ஏற்கெனவே புத்தகத்தை மூடி வைத்திருந்தார்.

"மன்னிச்சிடுங்க மாமா," என்றேன். "உங்களுக்கு எப்படியாவது நடக்கணும்னுதான்..."

"அது சரி. ஆனா அந்த ஆளு யாருன்னு ஒனக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"வாசல்ல நின்னுட்டாரு மாமா. நம்மள்ல கோஹென்தானே அப்படி நிப்பாங்க. பேரு வேற ஷ்வார்ட்ஸ். முகம்கூடக் கொஞ்சம்..." மேலே சொல்ல முடியாமல் நிறுத்தினேன். நிறுத்திய இடமே போதுமானதாக இருந்தது.

அவர் மேஜைமேல் சிந்தியிருந்த கேக் துணுக்குகளை விரலால் ஒதுக்கினார்.

"ஜெர்மன்காரங்களுக்குப் பயந்து தெக்கே பெரிகூவுல ஒளிஞ்சிருந்தோம்ல, அப்ப எனக்கு ஆறு வயசு. எங்க அண்ணன் லூசியன் என்னைச் சந்தைக்குக் கூட்டிட்டுப் போனான். பன்னிக்கறிக் கடையில ருசி பாக்கச் சொல்லித் துண்டு குடுத்துட்டிருந்தாங்க. எல்லாரும் கை நீட்டினாங்க. அவன் மட்டும் ஒதுங்கி நின்னான். வேற ஒண்ணுமே செய்யல, ஒதுங்கி நின்னான். ஒரு பொம்பளை அதைப் பாத்துட்டா. தெருவே கேக்க, 'இவன் அவங்க ஆளு, நின்ன விதத்துலயே தெரிஞ்சுபோச்சு'ன்னு சொன்னா. அவ கெட்டவ இல்லம்மா. மொகம் பூரா சிரிப்பு. கண்டுபிடிச்ச சந்தோஷம்."

இந்தக் கதையை அவர் எங்களில் ஒருவருக்கும் சொன்னதில்லை என்பது மற்றவர்களின் முகத்திலேயே தெரிந்தது.

"அவ கண்டுபிடிச்சது சரியாப் போச்சு. நீ கண்டுபிடிச்சது தப்பாப் போச்சு. அவ்ளோதான் வித்தியாசம்."

அவமானம் என்றால் முகம் சிவக்கும், காது சூடாகும் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். எனக்கு உடம்பெல்லாம் குளிர்ந்துபோனது. இத்தனை வருஷம் எத்தனை பேரிடம், "முதல் வீட்டுக்கிட்டயே தெரிஞ்சுபோச்சு" என்று பல்லைக் காட்டியிருப்பேன்! அதைக் கேட்டு அவர்கள் ஒரு நொடி வெளிறியதை வெட்கம் என்றும் ஆனந்தம் என்றும் எடுத்துக்கொண்டேன்.

சில்வேன் மாமா கோட்டை மாட்டிக்கொண்டு முற்றத்துக்குப் போனார். நானும் பின்னால் போனேன். ரெமி பெஞ்சிலிருந்து எழுந்து, அடி வாங்கத் தயாரான ஆள் மாதிரி நின்றார்.

"கல்லுல பேரெல்லாம் தெரியுதா தம்பி?"

"தெரியுதுங்க. எனக்குத்தான் படிக்கத் தெரியல."

"எனக்குத் தெரியும். நாளைக்குக் காலைல கார் எடுத்துட்டு வா. கண்ணாடியோட ரெடியா இருக்கேன்."

ரெமி தலையை ஆட்டினார். நான் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் பரவாயில்லை மேடம் என்று சொல்லிவிட்டு என்னைப் பார்க்காமல் மாமாவைப் பார்த்தார். படி இறங்க மாமா அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நானும் வரட்டுமா மாமா நாளைக்கு?" என்று கேட்டேன். "வண்டில எடம் இருக்கும்ல?"

"வேணாம்மா," என்றார் சில்வேன் மாமா. குரலில் கோபமே இல்லை. கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன்.